துணைப்பட்டை

கண்காட்சிக்கு வந்தவர்கள் எல்லாரும் அழுதுகொண்டே வெளியே வந்தார்கள். வந்த கையோடு பன் கேட்டார்கள்.

இதை முதலில் கவனித்தவர் ஓவியக்கூடத்து வாசலில் டீக்கடை போட்டிருந்த காஜா பாய். படம் பார்க்க வருகிறவன் டீ குடிப்பான், ஓரமாகப் போய்ப் புகை விடுவான், அது எங்கும் உள்ளதுதான். கண்ணைத் துடைத்துக்கொண்டே பன் பட்டர் ஜாம் கேட்டு வரிசையில் நிற்பதை அவர் தன் தொழிலில் கண்டதில்லை. ஒருநாள் ஓவியரிடமே கேட்டுவிட்டார், உள்ளே அப்படி என்னம்மா வைத்திருக்கிறீர்கள் என்று. அழுதால் பசிக்கத்தானே செய்யும் பாய் என்று சொல்லிவிட்டு மங்கையர்க்கரசி நகர்ந்துவிட்டாள். அவளுக்கும் அதற்கு மேல் தெரியாது. ஊரே மாட்டிக்கொண்டு அழுத அந்த நெற்றிப்பட்டையை அவள் ஒருநாளும் தன் தலையில் மாட்டிப் பார்த்ததில்லை. பயம்தான், வேறென்ன.

நெற்றிப்பட்டை இன்றைக்கு மூக்குக்கண்ணாடி மாதிரி ஆகிவிட்டது. அன்றைக்குப் புதுசு. சென்னையிலிருந்து ஒரு கம்பெனிக்காரர்கள் கொண்டுவந்தார்கள். வரைந்த படத்தைத்தான் எல்லாரும் பார்க்கிறார்கள், வரையும்போது உங்களுக்குள்ளே நடந்ததை யார் பார்த்தார்கள் என்று கேட்டார்கள். நியாயமான கேள்விதான். பட்டையைக் கட்டிக்கொண்டு வேலை செய்தால், அப்போது உள்ளே எழும்புகிற பயம், பூரிப்பு, எரிச்சல், நெஞ்சடைப்பு எல்லாம் பதிவாகும். வார்த்தை பதிவாகாது, உருவம் பதிவாகாது, வெறும் உணர்ச்சி. பிற்பாடு அந்தப் படத்துக்கு முன்னால் ஒருவர் உட்கார்ந்து இன்னொரு பட்டையை மாட்டிக்கொண்டால், அதே உணர்ச்சி அவர் உடம்பில் எழும்பும். படத்தை ஓவியரின் உள்ளேயிருந்து பாருங்கள் என்று விளம்பரம் செய்தார்கள்.

மதுரையில் அப்படி வைத்த முதல் படம் மங்கையினுடையது. ஆஸ்பத்திரிக் கட்டிலில் ஒரு மனிதன் படுத்திருக்கிறான், ஜன்னல் வெளிச்சம் கழுத்தில் விழுந்திருக்கிறது, அவ்வளவுதான் படம். படுத்திருப்பவன் அவளுடைய தம்பி வரகுணன். வரைந்து முடித்த அன்றே அவன் போய்விட்டான். தம்பி சாகும்போது ஒரு அக்காளின் நெஞ்சு என்ன பாடு பட்டிருக்கும் என்று அறியத்தான் ஜனங்கள் வந்தார்கள். அறிந்தார்கள், அழுதார்கள், எப்பேர்ப்பட்ட மனசம்மா உங்களுக்கு என்று அவள் கையைப் பிடித்துக்கொண்டார்கள். பிடித்த ஒவ்வொரு கையும் அவளுக்குச் சுட்டது.

ஏனென்றால் அது அவள் மனசே இல்லை.

நடந்ததைச் சொல்லிவிடலாம். வரகுணனின் கல்லீரல் கெட்டு, டாக்டர்கள் கைவிரித்துவிட்ட சமயம், மங்கைக்கும் வேறு விதத்தில் எல்லாம் முடிந்திருந்தது. வருஷக்கணக்காக அவளுக்கு ஒரு கோடு உருப்படியாக விழவில்லை. தூரிகையை எடுப்பாள், முறைத்துப் பார்ப்பாள், கழுவி வைப்பாள். கம்பெனிக்காரர்கள் பட்டையைக் கொடுத்துவிட்டு, எப்போது ஆரம்பிக்கிறீர்கள் மேடம் என்று போன்மேல் போன் போட்டுக்கொண்டிருந்தார்கள். வரகுணன்தான் சொன்னான், என்னை வரையேன் அக்கா, நான்தான் எழுந்து ஓடிப்போக மாட்டேனே என்று. சாகக் கிடந்தாலும் அவனுக்குக் கேலி போகாது.

மங்கை பட்டையை நெற்றியில் கட்டிக்கொண்டு கட்டிலின் கால்மாட்டில் படச்சட்டத்தை நிறுத்தினாள். பட்டை ஒழுங்காக வேலை செய்யத் துணைப்பட்டை என்று ஒன்று வேண்டும். அறையில் ஏசி இரைகிறது, ஆஸ்பத்திரி இயந்திரங்கள் முனகுகின்றன, அந்த இரைச்சலெல்லாம் பதிவில் கலந்துவிடும். பக்கத்திலேயே இன்னொருவர் துணைப்பட்டையைக் கட்டியிருந்தால், இரண்டுக்கும் பொதுவான இரைச்சலைக் கழித்துவிடலாம். பக்கத்தில் இருந்தவள் வரகுணனின் மனைவி செல்வராணி. பிளாஸ்திரி மாதிரி மெல்லிசான அந்தத் துண்டை, இதைக் கொஞ்சம் நெற்றியில் ஒட்டிக்கொள் என்று மங்கை நீட்டியபோது அவள் ஒரே ஒரு கேள்விதான் கேட்டாள்.

"அவருக்கு நல்லதா மதினி?"

மங்கை தலையை ஆட்டினாள். ஆமாம் என்றும் வைத்துக்கொள்ளலாம், அதெல்லாம் பிறகு சொல்கிறேன் என்றும் வைத்துக்கொள்ளலாம். ஜன்னலில் வெளிச்சம் நன்றாக இருந்தது, விளக்கிக்கொண்டிருக்க நேரமில்லை. புருஷனுக்கு ஏதோ வைத்தியம் என்று எண்ணிக்கொண்டு செல்வராணி அதைத் தூங்கும்போதுகூட எடுக்கவில்லை.

பிறகு அது வந்தது. வரைகிறவர்களைக் கேட்டால் சொல்வார்கள், அது எப்போது வரும் என்று தெரியாது, வந்தால் மட்டும் தெரியும். தம்பியின் கன்னத்து மஞ்சளை மங்கை கலந்துகொண்டிருந்தாள். கிடைக்கவில்லை. கொஞ்சம் காவி சேர்த்தாள், அழுக்காயிற்று. வழித்துப் போட்டுவிட்டுத் துளி பச்சை தொட்டாள். சட்டென்று கன்னம் உயிரோடு எழுந்துகொண்டது. அடிவயிற்றிலிருந்து ஒரு குளிர்ச்சி கிளம்பி, முதுகில் ஏறி, உச்சந்தலையில் போய் நின்றது. இத்தனை காலமாக எங்கேயடி போயிருந்தாய் என்று அதைக் கட்டிக்கொண்டு அழலாம் போலிருந்தது. அதற்குப் பிறகு கை அவளைக் கேட்கவில்லை. கை முன்னால் போயிற்று, அவள் பின்னால் ஓடினாள். கண்ணுக்குக் கீழே ஒரு குழி விழுந்திருந்தது. நேற்று இவ்வளவு ஆழமில்லையே, நல்லது, நாளைக்கு இன்னும் கொஞ்சம் நிழல் கிடைக்கும் என்று யோசித்தாள். இதைத்தான் யோசித்தாள், சத்தியமாக. தம்பி என்று ஒருவன் அங்கே இல்லை. வெளிச்சம் இருந்தது, நிழல் இருந்தது, நடுவில் அவள் மழையில் ஆடுகிற சிறுபிள்ளை மாதிரி ஆடிக்கொண்டிருந்தாள்.

கடைசி நாள் சாயங்காலம் கழுத்துதான் பாக்கி. மீனாட்சி, கழுத்து முடிகிறவரைக்கும் இவன் இருக்க வேண்டும் தாயே என்று மங்கை வேண்டிக்கொண்டாள். தம்பி பிழைக்க வேண்டும் என்று வேண்டவில்லை. கழுத்து முடிய வேண்டும். செல்வராணி பிளாஸ்க்கைக் கழுவிக்கொண்டு வருவதாகச் சொல்லி வராந்தாப் பக்கம் போயிருந்தாள். வரகுணன் கண்ணைத் திறந்து, காய்ந்த உதட்டை நாக்கால் தடவினான்.

"அக்கா, ஒரு வாய் தண்ணி கொடேன்."

"ஒரு நிமிஷம்டா குணா, ஆடாம இரு."

அவன் ஆடாமல் இருந்தான். சின்ன வயசிலிருந்தே அக்கா சொன்னால் கேட்பான். நிழல் தொண்டைக்குழியில் வந்து உட்கார்ந்தது, அவள் அதைப் பிடித்துவிட்டாள். அப்பாடா என்று பின்னால் வந்து நின்று பார்த்துப் பூரித்துப்போனாள். செல்வராணி திரும்பி வந்து, கட்டிலைப் பார்த்து, மதினி, அவருக்கு மூச்சில்லையே என்று சொன்னபோதுதான் மங்கை படத்திலிருந்து கண்ணை எடுத்தாள். தண்ணீர் டம்ளர் அவள் கைக்கு எட்டும் தூரத்தில் இருந்தது.

காரியமெல்லாம் முடிந்து கொஞ்ச காலம் கழித்து, கம்பெனியின் பொறியாளன் நிவாஸ் அவளுடைய பட்டையின் பதிவைச் சுத்தம் செய்து எடுத்துவந்தான். மங்கை மாட்டிப் பார்த்தாள். மூச்சு முட்டுகிற சந்தோஷம். அதில் ஒரு பொட்டுத் துக்கம் இல்லை. கழற்றி மடியில் வைத்துக்கொண்டு அந்தப் பையன் முகத்தைப் பார்க்க மாட்டாமல் உட்கார்ந்திருந்தாள். வேலை நேரத்தில் எல்லா ஆர்ட்டிஸ்டுக்கும் கொஞ்சம் இப்படித்தான் மேடம் என்று அவன் இழுத்தான். தம்பி செத்துக்கொண்டிருக்கும் படத்துக்கு முன்னால் உட்கார்ந்து ஜனங்கள் இதை அனுபவித்தால் அவளைப் பற்றி என்ன பேசுவார்கள் என்பதை அவனும் சொல்லவில்லை, அவளும் கேட்கவில்லை.

"வேற எதுவும் இல்லையா நிவாஸ்?"

"துணைப்பட்டை இருக்கு மேடம். அதுவும் எல்லாத்தையும் பதிவு பண்ணிடும். நாங்க கழிச்சிட்டு அழிச்சிடுவோம், இத இன்னும் அழிக்கல. செக் பண்ண ஒரு தடவ போட்டுப் பாத்தேன். அன்னிக்கு முழுக்க என்னால ஒரு வேலையும் செய்ய முடியல."

"அது யாரோடதுன்னு போட்டுப் பாக்கிறவங்களுக்குத் தெரியுமா?"

"துக்கத்துல பேரா எழுதியிருக்கும் மேடம்?"

மங்கை மடியில் இருந்த பட்டையை அவனிடம் திருப்பி நீட்டினாள். "அதையே வச்சிடு," என்றாள்.

நிவாஸின் முகம் ஒரு மாதிரியாகிவிட்டது. அதை ஒட்டியிருந்தவர்களைக் கேட்க வேண்டாமா என்றான். நான் கேட்டுக்கொள்கிறேன் என்றாள். கேட்கவில்லை. துக்கம் துக்கம்தானே, என் தம்பிக்காகப் பட்டதுதானே, வேற்றாளுடைய சொத்தா என்று தனக்குத் தானே சமாதானம் சொல்லிக்கொண்டாள். பகலில் அது செல்லுபடியானது.

அதன் பிறகு வந்த பாராட்டுக்குக் குறைவில்லை. வராதது ஒன்றுதான். அந்தக் கழுத்தோடு அவளுக்கு மறுபடியும் எல்லாம் நின்றுபோயிற்று. தூரிகையை எடுப்பாள், கழுவி வைப்பாள். எனக்கு இது வேண்டும், நன்றாக வேண்டும் என்று சொல்லிக்கொள்வாள்.

செல்வராணி திருமங்கலத்தில் ஒரு பள்ளிக்கூட அலுவலகத்தில் வேலை பார்த்துக்கொண்டு தனியாக இருந்தாள். வரகுணன் போனதிலிருந்து ஒருவேளைதான் சாப்பாடு, அதுவும் கொறிப்பு. புருஷன்மேல் என்ன பாசம் பாருங்கள் என்று சொந்தக்காரர்கள் மெச்சினார்கள். மெச்சி மெச்சியே அவளை எலும்பாக்கிவிட்டார்கள். மங்கை போகும்போதெல்லாம் பழமும் சத்துமாவும் வாங்கிப் போவாள், அடுத்த முறை போனால் எல்லாம் வைத்த இடத்திலேயே இருக்கும். இறங்க மாட்டேங்குது மதினி என்பாள், அதோடு பேச்சு முடிந்தது. பள்ளிக்கூடத்தில் மயங்கி விழுந்து தூக்கிக்கொண்டு போனபோது, இவர்கள் இப்படியே பட்டினி கிடந்தால் நான் ஒன்றும் பொறுப்பேற்க முடியாது என்று டாக்டர் மங்கையைத் தனியாகக் கூப்பிட்டுச் சொன்னார். கட்டிலில் கிடந்த செல்வராணியின் கையில் வளையல் முழங்கை வரைக்கும் சரிந்து கிடந்தது. தம்பி தன்னிடம் விட்டுப்போன ஒரே ஆள் கண்ணெதிரே தேய்ந்துகொண்டிருக்கிறாள், அவள் பட்ட பாட்டை எடுத்துத்தான் நாம் ஊரெல்லாம் பேர் வாங்கிக்கொண்டிருக்கிறோம் என்று நினைக்க நினைக்க மங்கைக்குத் தன்மேலேயே அருவருப்பாக இருந்தது.

கண்காட்சி முடிகிற அன்று சாயங்காலம் செல்வராணி சொல்லாமல் கொள்ளாமல் வந்து நின்றாள்.

இத்தனை நாள் வராதவள் இன்றைக்கு வந்திருக்கிறாளே என்று மங்கை ஓடிப்போய் அவள் கையைப் பிடித்தாள். மெஷின் சரியில்லை, படத்தை மட்டும் பார்த்துவிட்டு வா, வீட்டுக்குப் போகலாம் என்றாள். பின்னாலிருந்து நிவாஸ், இல்லையே மேடம், நல்லாத்தான் ஓடுது, நீங்க உட்காருங்கம்மா என்றான். வந்திருப்பது யார் என்று அவனுக்குத் தெரியாது. தெரிந்திருந்தால் அவனே மெஷினைப் பிடுங்கிப் போட்டிருப்பான்.

"ஒரே ஒரு தடவ மதினி," என்றாள் செல்வராணி. "கடைசி நேரத்துல அவரு பக்கத்துல நீங்கதான இருந்தீங்க. அது எப்படி இருந்துச்சுன்னு எனக்குத் தெரியணும்."

நாற்காலியில் உட்கார்ந்தாள். நிவாஸ் அந்தத் தடித்த பட்டையை அவள் நெற்றியில் பொருத்தினான். ஆஸ்பத்திரியில் தான் ஒட்டியிருந்த மெல்லிய துண்டுக்கும் இதற்கும் சம்பந்தம் இருக்கும் என்று அவளுக்குத் தோன்ற நியாயமில்லை. மங்கை சுவரோரமாக நின்றாள். தன் சேலையைத் தானே அடையாளம் கண்டுகொள்ளாத பெண் உண்டா, இதோ தெரிந்துகொள்ளப்போகிறாள், எழுந்து வந்து எல்லார் முன்னாலும் என்னை அறையப்போகிறாள் என்று நினைத்தாள். அறையட்டும் என்றும் இருந்தது. அறைந்தால் தேவலை என்றே இருந்தது.

செல்வராணி முதலில் அசையாமல் இருந்தாள். அப்புறம் அவள் கை மெல்லப் போய் வயிற்றைப் பிடித்துக்கொண்டது. முகம் சுருங்கிற்று. கண்ணீர் வந்தது, துடைக்கவில்லை. கடைசியில் மங்கை எதிர்பார்க்காத ஒன்று நடந்தது. செல்வராணி ஆச்சரியத்தோடு தலையைத் திருப்பி அவளைத் தேடினாள். பட்டையைக் கழற்றிக் கொடுத்துவிட்டு நேரே வந்து, மங்கையின் மணிக்கட்டைப் பிடித்து, வெளியே காஜா பாய் கடை பெஞ்சுக்குக் கூட்டிக்கொண்டு போனாள்.

"மதினி, மறைக்காம சொல்லுங்க. அன்னிக்கு உங்களுக்குப் பசிச்சுதா?"

மங்கைக்கு ஒன்றும் விளங்கவில்லை.

"அதுல பசி இருக்கு மதினி. அழுகைக்குள்ள பசி. அப்பறம் வயித்துல என்னமோ விழுந்து ஒரு நிம்மதி. அந்த நிம்மதிக்கு ஒரு வெக்கம். எனக்கு அது நல்லாத் தெரியும்."

பிறகு அவள், இதுவரை யாரிடமும் வாய்விடாததைச் சொன்னாள். அன்றைக்கு முந்தின நாளிலிருந்தே அவள் சாப்பிட்டிருக்கவில்லை. சாயங்காலம் பசி குடலைப் பிடுங்கியது. பையில் கேன்டீனில் வாங்கின ஒரு பன் இருந்தது. சாகக் கிடக்கிற மனுஷன் முன்னால் எப்படித் தின்பது என்று கூச்சப்பட்டு, பிளாஸ்க்கைக் கழுவப் போகிற சாக்கில் வராந்தாத் தூணுக்குப் பின்னால் நின்று அவசர அவசரமாகத் தின்றாள். அது இனித்தது. தின்கிற நேரத்தில் புருஷன் ஞாபகமே இல்லை. வாயைத் துடைத்துக்கொண்டு உள்ளே வந்தால் அவன் இல்லை. அன்றிலிருந்து சோற்றை வாயில் வைத்தால் அந்தப் பன் தொண்டையில் வந்து நிற்கிறது.

"பாதகி, புருஷன் உசுரு போற நேரத்துல பன்னு தின்னவளாச்சேன்னு என்னைய நானே திட்டிக்கிட்டுக் கெடந்தேன் மதினி. உலகத்துலயே நான் ஒருத்திதான்னு நெனச்சேன். உங்களுக்கும் அப்படித்தானா? நான் வெளிய போன நேரத்துல நீங்களும் அந்தப் பக்கம் திரும்பி நின்னு ஏதாச்சும் தின்னீங்களா? அதான் நீங்களும் பாக்கலியா?"

கடைக்கு முன்னால் மூன்று பேர் மூக்கை உறிஞ்சிக்கொண்டு பன்னுக்கு நின்றார்கள். மங்கை அவர்களைப் பார்த்தாள். இந்த ஊரே செல்வராணியின் பசியோடு வெளியே வந்துகொண்டிருந்தது இப்போதுதான் அவளுக்குப் புரிந்தது.

உண்மை நாக்கு நுனிக்கு வந்துவிட்டது. ராணி, அது உன்னுடையது, நான் உன்னிடமிருந்து திருடியது. எனக்குப் பசி இல்லை, துக்கம் இல்லை, நான் சந்தோஷமாக இருந்தேன், அவன் தண்ணீர் கேட்டான், நான் கொடுக்கவில்லை. சொல்லிவிட்டால் நெஞ்சுப் பாரம் இறங்கிவிடும். ஆனால் அடுத்த நிமிஷம் செல்வராணி மறுபடியும் உலகத்திலேயே ஒருத்தியாகிவிடுவாள், பன் மறுபடியும் தொண்டையில் ஏறி நின்றுகொள்ளும். டாக்டர் சொன்னது மங்கைக்கு ஞாபகம் வந்தது. வளையல் சரிந்த கை அவள் கையைப் பிடித்துக்கொண்டிருந்தது. சொல்லப் பயமாகவும் இருந்தது, அதை மறைப்பானேன். இரக்கம் எவ்வளவு, பயம் எவ்வளவு என்று கேட்டால் அவளுக்கே தெரியாது.

"ஆமா ராணி," என்றாள். "எனக்கும் பசிச்சுது."

செல்வராணி வாய்விட்டு அழுதாள். சாவு வீட்டில்கூட அவள் அப்படி அழுததை மங்கை பார்த்ததில்லை. அழுது முடித்து, முந்தானையால் முகத்தை அழுத்தித் துடைத்துக்கொண்டு நிமிர்ந்தபோது முகம் லேசாகியிருந்தது.

"உள்ளேயே இருந்தும் நீங்க கவனிக்கலியேன்னு உங்கமேல எனக்கு ஒரு கோவம் இருந்துச்சு மதினி. வெளிய காட்டிக்கல. என்னைய மன்னிச்சிருங்க."

மன்னிப்புக் கேட்க வேண்டியவள் உட்கார்ந்திருக்க, கேட்கக் கூடாதவள் கேட்டுக்கொண்டிருந்தாள். இதைவிடக் கன்னத்தில் அந்த அறையை வாங்கியிருக்கலாம்.

செல்வராணி காஜா பாயிடம் தானாகவே இரண்டு பன் பட்டர் ஜாம் சொன்னாள். தட்டு வந்தது. ஒன்றை எடுத்து ஒரு கடி கடித்தாள், மென்றாள், விழுங்கினாள். இறங்கிற்று. அவளுக்கே அதிசயமாக இருந்திருக்க வேண்டும், இறங்கிவிட்டதா என்று சோதிப்பது போல ஒரு கணம் நிறுத்தினாள். பிறகு பெரிது பெரிதாகக் கடிக்க ஆரம்பித்தாள். உதட்டோரத்தில் ஜாம் ஒட்டியது. மங்கை தன் பன்னைக் கையில் வைத்துக்கொண்டு அவள் சாப்பிடுவதையே பார்த்துக்கொண்டிருந்தாள். இது போதும், நான் எக்கேடு கெட்டாலும் இவள் பிழைத்துக்கொள்வாள், இது போதும் என்று நினைத்தாள்.

கடைக்கு மேலே நீலத் தார்ப்பாய் கட்டியிருந்தது. சாயங்கால வெயில் அதன் வழியாக இறங்கி செல்வராணியின் கன்னத்தில் விழுந்திருந்தது. மாநிறக் கன்னத்தில் நீலம். அதற்கு அடியில், அழுததாலோ சாப்பிட்டதாலோ, சிவப்பு ஏறிக்கொண்டிருந்தது. நீலத்தை முதலில் போட வேண்டுமா, சிவப்பையா? சிவப்பைப் போட்டு, காயவிட்டு, மேலே நீலத்தைத் தண்ணீராக ஓட்டினால்? மங்கையின் கட்டைவிரல் தட்டில் இருந்த ஜாமைத் தொட்டு விளிம்பில் இழுத்துப் பார்த்தது. அடிவயிற்றிலிருந்து குளிர்ச்சி கிளம்பிற்று. வேண்டாம், இப்போது வேண்டாம், இவளிடம் வேண்டாம் என்று அவள் அதைக் கெஞ்சினாள். அது முதுகில் ஏறிக்கொண்டிருந்தது.

செல்வராணிக்கு விக்கல் எடுத்தது. அவசரத்தில் தின்றால் எடுக்காதா. "அவருதான் நினைக்கிறாரு போல," என்று சொல்லிச் சிரித்தாள். அவள் சிரித்து எத்தனையோ காலமாயிற்று. சிரித்த வாக்கில் தலை பின்னால் சாய, தொண்டைக்குழியில் நீல நிழல் ஒன்று வந்து உட்கார்ந்தது. மறுபடியும் விக்கினாள்.

"மதினி, அந்தத் தண்ணிய எடுங்க."

டம்ளர் மங்கையின் கைக்கு எட்டும் தூரத்தில் இருந்தது.

"ஒரு நிமிஷம் ராணி, ஆடாம இரு."

செல்வராணி ஆடாமல் இருந்தாள்.